ஏஜெண்டு துரையின் கையெழுத்து செல்லாத இடம்

பதுளைக் கச்சேரியில் வேலை பார்த்தவர்கள் காலத்தை ஜீ.ஏ. (அன்றைய அரசாங்க ஏஜெண்டு, பிறகு அரசாங்க அதிபர்) மாரை வைத்துத்தான் கணக்கிடுவார்கள். "இன்ன ஜீ.ஏ. இருந்தப்ப வந்த மண்சரிவு", "இன்னவர் மாறிப் போன வருசம் எனக்குக் கல்யாணம்" என்றால் எங்களுக்குள் போதும். வருசம் கேட்கமாட்டோம். நான் அங்கே குமாஸ்தாவாகச் சேர்ந்து, பிறகு மொனராகலைக்கு மாற்றலாகி, நிருவாக உத்தியோகத்தராக ஓய்வு பெற்றவன். பிறந்தது பசறைப் பக்கத்துத் தோட்டமொன்றின் லயத்து வரிசை வீட்டில். அதனால் இந்தப் பெரிய பதவியை நான் இரண்டு பக்கத்திலிருந்தும் பார்த்தவன்: கச்சேரி மேசையிலிருந்து ஒரு தரம், லயத்து வாசலிலிருந்து ஒரு தரம். மேசையிலிருந்து பார்த்தால் அரசாங்க அதிபர் மாவட்டத்துக்கே ராஜா. லயத்திலிருந்து பார்த்தால் அப்படி ஒருத்தர் இருக்கிறார் என்பதே தெரியாது.

பதுளையும் மொனராகலையும் சேர்ந்த எங்கள் ஊவாவில் இந்த உத்தியோகம் ஒரு சாவோடு ஆரம்பிக்கிறது. 1815-இல் கண்டி இராச்சியம் ஆங்கிலேயர் கைக்குப் போனதும் பதுளைக்கு அரசாங்க ஏஜெண்டாக வந்தவர் சில்வெஸ்டர் டக்ளஸ் வில்சன். இரண்டே வருசத்தில், வெல்லஸ்ஸவில் யாரோ ஒருவன் தன்னை ராஜா என்று சொல்லிக்கொண்டு திரிகிறான் என்ற சேதி வர, விசாரிக்கப் போனார். 1817 செப்டெம்பரில் பிபிலைப் பக்கம் அம்பு பட்டு இறந்தார். அந்த 'ராஜா' வில்பாவே என்ற முன்னாள் பிக்கு. தான் கண்டியை ஆண்ட நாயக்கர் வம்சத்துத் துரைசாமி என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தான். வெல்லஸ்ஸக் காட்டில் தமிழ்ப் பெயர் ஒன்றைச் சொல்லிச் சிங்களக் கிராமங்களை எழுப்ப முடிந்த காலம் அது. இன்றைக்கு நம்ப முடிகிறதா?

வில்சனின் சாவோடு வெடித்த கலவரத்துக்குக் காரணம் வில்பாவே மட்டுமில்லை. வெல்லஸ்ஸ முஸ்லிம்களுக்கென்று ஹாஜி மரிக்கார் என்பவரைத் தனி முகாந்திரமாக ஆங்கிலேயர் நியமித்ததும், பரம்பரைத் தலைவர்களின் அதிகாரம் கொஞ்சம் கொஞ்சமாக அரிக்கப்பட்டதும் ஏற்கனவே புகைந்துகொண்டிருந்தன. கலவரத்தை அடக்க அரசாங்கம் அனுப்பியது ஊவாவின் திசாவையான மொனரவில கெப்பெட்டிப்பொலவை. அவரும் அன்றைக்கு அரசாங்க உத்தியோகத்தர்தான், சம்பளமும் மரியாதையும் அரசாங்கத்திடமிருந்துதான். போனவர் மறுபக்கம் சேர்ந்துவிட்டார். சேருமுன் அரசாங்கம் கொடுத்த துப்பாக்கிகளையும் வெடிமருந்தையும் திருப்பி அனுப்பினார் என்று சொல்வார்கள். அரச சேவையில் இருந்தவன் என்ற முறையில் எனக்கு அந்த இடம் பிடிக்கும். பொறுப்பில் எடுத்த பொருளை ஒப்படைத்துவிட்டுத்தான் ராஜினாமா! 1818 நவம்பர் 26-இல் கண்டி போகம்பரையில் அவர் தலையை வெட்டினார்கள். மண்டையோடு எடின்பரோவுக்குப் போய், 1954-இல் திரும்பி வந்தது. அவரையும் மற்றத் தலைவர்களையும் துரோகிகள் என்று அறிவித்த பழைய பிரகடனம் இரத்தானது 2016-இல். ஓர் அரசாங்க அறிவித்தலைத் திருத்த ஏறக்குறைய இருநூறு வருசம். எங்கள் கச்சேரியில் பைல் தாமதமாகிறது என்று கோபப்பட்டவர்களுக்கு நான் இந்தக் கதையைச் சொல்வதுண்டு.

கலவரத்தை அடக்கியவர்கள் வெல்லஸ்ஸவில் வீடுகளையும் வயல்களையும் எரித்தார்கள், குளங்கள் பாழாயின. இன்றைய மொனராகலை மாவட்டம் முழுவதுமே அந்த அடியிலிருந்து நெடுங்காலம் எழவில்லை. அதிகாரிகளுக்கு அது காடு, காய்ச்சல், யானை. 1833-இல் இலங்கையை ஐந்து மாகாணமாகப் பிரித்தபோது வெல்லஸ்ஸவைத் தென் மாகாணத்தோடு ஒட்டினார்கள், மேல் ஊவா மத்திய மாகாணத்தோடு போனது. ஊவா தனி மாகாணமானது 1886-இல், தேசாதிபதி ஆர்தர் கோர்டன் காலத்தில். மொனராகலை பதுளையிலிருந்து பிரிந்து தனி மாவட்டமானது 1950-களின் கடைசியில். அதற்குப் பிறகும் அந்த ஊருக்கு மாற்றல் கடிதம் வந்தால், "யாரோடு பகை?" என்றுதான் கூட்டாளிகள் கேட்பார்கள். எனக்கும் கேட்டார்கள்.

வில்சனுக்குப் பின் பதுளைக்கு வந்தவர்களில் கதை கட்டத் தோதானவர் மேஜர் தோமஸ் ரொஜர்ஸ். பட்டாளக்காரர், உதவி ஏஜெண்டு, நீதிபதி, ரோட்டு போடுகிறவர், எல்லாம் ஒரே ஆள். அந்தக் காலத்துச் சின்னச் சம்பளப் பட்டியலுக்கு அது வசதி. 1,400 யானைகளுக்கு மேல் சுட்டார் என்பது அவரைப் பற்றி எல்லாரும் திருப்பித் திருப்பிச் சொல்லும் கணக்கு. தந்தம் விற்ற காசில்தான் பட்டாளத்துப் பதவி உயர்வை வாங்கினார் என்றும் சொல்வார்கள், அன்று பதவியைக் காசுக்கு வாங்கலாம். 1845 ஜூனில் ஹப்புத்தளையில் மின்னல் தாக்கிச் செத்தார். நுவரெலியாவில் கல்லறை இருக்கிறது, பதுளை சென் மார்க் தேவாலயம் அவர் ஞாபகமாகக் கட்டப்பட்டது. யானைகளின் பாவம்தான் இடியாக இறங்கியது என்று கிராமத்தில் சொன்னார்கள், இன்றும் சொல்கிறார்கள். அவர் போட்ட ரோட்டுகளைப் பற்றிச் சொல்ல ஆளில்லை. நாங்களும் அந்த ரோட்டிலேதான் பஸ்ஸில் போய் வந்தோம்.

எனக்கு மதிப்பு ஜோன் பெய்லி மேல். 1850-களில் பதுளையில் உதவி ஏஜெண்டாக இருந்தவர். ஊவா வயல்களுக்குத் தண்ணீர் எப்படி வந்தது, ஏன் நின்றது என்று ஊர் ஊராய்ப் பார்த்து 1855-இல் அறிக்கை எழுதினார். கிராமத்தார் பழைய வழக்கப்படி வாய்க்காலைத் தாங்களே கூடிக் காப்பாற்றுவதற்குச் சட்ட பலம் வேண்டும் என்பது அவர் வாதம். தேசாதிபதி ஹென்றி வோர்ட் காலத்தில் 1856-இன் 9-ஆம் இலக்கச் சட்டம் வந்ததற்கு அந்த அறிக்கையும் காரணம். வேடர்களைப் பற்றியும் எழுதினார். வயலையும் காட்டையும் இவ்வளவு கூர்ந்து பார்த்த மனிதர். அதே காலத்தில் அதே மலையில் கோப்பித் தோட்டங்கள் திறந்துகொண்டிருந்தன. ராமநாதபுரம், திருச்சி, புதுக்கோட்டைப் பக்கத்திலிருந்து கங்காணிமார் கூட்டம் கூட்டமாக ஆள் கொண்டுவந்துகொண்டிருந்தார்கள். அவர்கள் ஏஜெண்டின் கணக்கில் வரவில்லை. கிராமம் கச்சேரியின் பொறுப்பு, தோட்டம் துரையின் பொறுப்பு. இப்படி யாரும் ஒரே நாளில் உத்தரவு போடவில்லை. கொஞ்சம் கொஞ்சமாக அதுவே வழக்கமாகிவிட்டது.

சட்டங்களும் அதற்கு ஏற்றாற்போல் வந்தன. 1865-இன் 11-ஆம் இலக்கச் சட்டப்படி, ஒப்புக்கொண்ட வேலையைக் காரணமில்லாமல் விட்டுப் போன தொழிலாளியைச் சிறையில் போடலாம். சில தோட்டத் துரைமாரே சமாதான நீதவான்களாகவும் இருந்தார்கள். 1871-இல் கிராமச் சபைகள் வந்தபோது தோட்டம் அதற்குள் இல்லை. 1937-இல் கிராமச் சபைச் சட்டத்தைத் திருத்தியபோது தோட்டத்தில் குடியிருக்கும் தொழிலாளிக்கு அங்கே வாக்கு வேண்டாம் என்று தெளிவாகவே எழுதிவைத்தார்கள். ஏஜெண்டு துரைக்குத் தோட்டத்துத் துரையைத் தெரியும், கிளப்பில் ஒன்றாக உட்காருவார்கள், ஒருவர் குதிரையை மற்றவர் புகழ்வார். தொழிலாளியைத் தெரியாது. துரைமார் தமிழ் படித்தார்கள் என்பது உண்மை. சின்னத் துரைமாருக்கென்று 'கூலித் தமிழ்' கற்றுத்தரும் கைப்புத்தகம் 1915-இல் வந்தது. வேலை ஏவவும் அதட்டவும் போதுமான தமிழ் அது. மனு வாங்கிப் படிக்க யாரும் படிக்கவில்லை.

ஏஜெண்டின் திறமையைக் கொழும்பு எதை வைத்து அளந்தது என்பதைப் பழைய நிருவாக அறிக்கைகளைப் புரட்டினால் பார்க்கலாம். வரி எவ்வளவு சேர்ந்தது, ரோட்டு எத்தனை மைல், பாலம் எத்தனை. நெல்வரி அதில் மோசமான அளவுகோல். எங்கள் மலைக்கு அந்தப் பக்கம் வலப்பனையில் 1880-களில் வரிப்பாக்கிக்காக வயல்களை ஏலம் போட்டுக் குடியானவர்களை வெளியேற்றினார்கள். அதைத் தடுக்கக் குரல் கொடுத்தவரும் ஒரு சிவில் சேவை அதிகாரிதான்: நுவரெலியா உதவி ஏஜெண்டு லெ மெசூரியர். ஏலத்தில் நிலத்தை இழந்தவர்கள் பட்டினியால் செத்தார்கள் என்று எழுதிவிட்டார். 1892-இல் வரி ஒழிந்தது. லெ மெசூரியரின் உத்தியோகமும் நிலைக்கவில்லை. பிறகு அரசாங்கத்தோடு காணி வழக்குகள், இரண்டாம் கல்யாணத்துக்காக இஸ்லாத்துக்கு மாறியது என்று வேறு வேறு தகராறுகளில் வேலையை இழந்தார். வரியைச் சரியாக வசூலித்தவர்களோ பதவி உயர்ந்து ஓய்வூதியத்தோடு கப்பலேறினார்கள். அவர்கள் பெயர்கள் எனக்கு ஞாபகமில்லை. ஹேர்பேட் வைட் 1893-இல் எழுதிய ஊவா மாகாணக் கைந்நூலைக் கச்சேரியில் வைத்துப் படித்தபோது, எத்தனை வகை வரி, எத்தனை வகைக் காணி என்று வியந்தேன்.

தோட்டத்து ஜனங்களைக் கச்சேரி அன்று கவனித்த ஒரு சந்தர்ப்பம் கதிர்காமம். இன்று அது மொனராகலை மாவட்டத்தில் இருக்கிறது. ஆடிவேல் காலத்தில் மலையிலிருந்து வெல்லவாய, புத்தள வழியாக ஜனம் காட்டுக்குள் நடந்து போகும். வாந்திபேதி பரவும் என்ற பயத்தில் பத்தொன்பதாம் நூற்றாண்டிலிருந்தே அரசாங்கம் யாத்திரிகர் தொகையைக் கட்டுப்படுத்தியது. அனுமதிச் சீட்டு வேண்டும். ஆக, லயத்து மனிதர் ஒருவர் கச்சேரியின் சீட்டை முதன்முதலாகக் கையில் வாங்கியது முருகனிடம் போகத்தான் இருக்கவேண்டும். 1908 முதல் 1911 வரை ஹம்பாந்தோட்டையில் உதவி ஏஜெண்டாக இருந்த லெனார்ட் வுல்ஃபும் கதிர்காம உற்சவக் கூட்டத்தை மேற்பார்வை பார்த்தவர். உப்பு வசூலிலும் வேலைச் சுறுசுறுப்பிலும் மேலதிகாரிகளே மலைக்கும்படி உழைத்தார், பிறகு எல்லாம் வேண்டாமென்று 1912-இல் விலகி, அடுத்த வருசம் காட்டுக் கிராமத்தைப் பற்றி நாவல் எழுதினார். அந்தக் காலத்துச் சிவில் சேவைக்காரர்களில் இலக்கியத்துக்குள் போனவர் அவர்தான். அவர் கண்ணிலும் பட்டது கிராமம்தான். தோட்டம் அவர் நாவலில் இல்லை.

கச்சேரி அதிகாரம் தோட்டத்து கேட்டைத் தாண்டியது பெரும்பாலும் பொலிஸோடுதான். 1940-இல் பதுளைக்குப் பக்கத்து வேவெஸ்ஸ தோட்டத்தில் வேலைநிறுத்தம் நடந்தது. சமசமாஜக் கட்சியின் தொழிற்சங்கம் முன்னால் நின்றது. தொழிலாளிகள் தங்களுக்கொரு சபையைத் தேர்ந்தெடுத்தார்கள், துரை அந்தச் சபையோடு கலந்துதான் தோட்டத்தை நடத்துவதாக ஒப்புக்கொள்ள வேண்டியதாயிற்று. ஒழுங்கை நிலைநாட்ட வந்த ஆயுதப் பொலிஸாரிடமிருந்தே ஆயுதத்தைப் பறித்தார்கள். பொலிஸ் அடக்குமுறையோடு அந்த வருசம் மேயில் பெய்த பெருமழையும் வெள்ளமும் சேர்ந்து வேலைநிறுத்த அலையை ஓயவைத்தன. ஏழு வருசம் கழித்து நடந்த பொதுத்தேர்தலில் இலங்கை இந்தியன் காங்கிரஸின் எஸ். எம். சுப்பையா பதுளையிலிருந்து பாராளுமன்றம் போனார். மறுவருசமே பிரஜாவுரிமைச் சட்டம், 1948-இன் 18-ஆம் இலக்கம். அதற்கடுத்த தேர்தலில் எங்கள் சனத்தில் பெரும்பாலானோர் வாக்காளர் இடாப்பில் இல்லை.

இங்கேதான் உயர் அதிகாரிகள் முதல் தடவையாக எங்கள் வாழ்க்கையை வரி வரியாகப் படித்தார்கள். 1949-இன் சட்டப்படி பிரஜாவுரிமை பெற, கல்யாணமானவர் 1946-க்கு முன் ஏழு வருசம், ஆகாதவர் பத்து வருசம் இலங்கையில் தொடர்ந்து இருந்ததை நிரூபிக்க வேண்டும். ஏறத்தாழ 8 இலட்சத்து 25 ஆயிரம் பேருக்கு விண்ணப்பம் போனது. கிடைத்தது சுமார் 1 இலட்சத்து 34 ஆயிரம் பேருக்கு. பிரஜாவுரிமை இல்லாமல் போன எல்லாரையும் கணக்குப் போட்டு இலங்கையும் இந்தியாவும் 1964 அக்டோபர் 30-இல் பங்கு பிரித்தன: 5 இலட்சத்து 25 ஆயிரம் இந்தியாவுக்கு, 3 இலட்சம் இங்கே, 1 இலட்சத்து 50 ஆயிரம் பிறகு பார்க்கலாம் என்று. எங்கள் குடும்பத்தில் அப்பா இங்கே, அப்பாவின் தங்கை குடும்பத்தோடு அங்கே. இரண்டு பேருடைய பைலும் ஒரே மாதிரி அட்டையில்தான் இருந்திருக்கும்.

நான் கச்சேரியில் சேர்ந்தபோது அந்தக் காகிதங்களின் மிச்சத்தைக் கையால் தொட்டேன். பிறப்பு இறப்புப் பதிவு மாவட்டப் பதிவாளர் கிளையில். தோட்டத்தில் பிள்ளை பிறந்தால் தோட்டத் துரைதான் படிவத்தில் அறிவிக்க வேண்டும். நான் பார்த்தவை கத்தரிப்பூ மை, இங்கிலீஷ் எழுத்து, மூலையில் துரையின் சாய்ந்த கையெழுத்து. தாயின் பெயர் ஒரு படிவத்தில் லெட்சுமி, அதே தாயின் அடுத்த பிள்ளையின் படிவத்தில் லெச்சுமி, தோட்டத்துச் சம்பளப் பட்டியலான செக்ரோலில் லச்சி. பிறந்த இடம்: லயத்தின் நம்பர். ஊர்ப் பெயரே கிடையாது. அடையாள அட்டைக்காகவோ ஓய்வூதியத்துக்காகவோ வந்தவர்கள் இந்த மூன்று லெட்சுமியும் ஒருத்திதான் என்று சத்தியக் கடதாசி முடிக்க வேண்டும்.

ஒருநாள் ஓர் அம்மா மேசைக்கு முன்னால் நின்றார். வெற்றிலைக் காவி ஏறிய பல், சீலைத் தலைப்பில் முடிந்த காகிதம்.

"அம்மாயி, உங்க பேரு எது சரி? ஒவ்வொண்ணுல ஒவ்வொரு மாதிரி இருக்கே."

"நாங்க சொன்னதையா எழுதினாங்க ஐயா? துரை எழுதினதுதான் எங்க பேரு."

பக்கத்து மேசைக்காரர் சிரித்தார், நான் படிவத்தைத் திருப்பி வைத்தேன். அன்று ஜீ.ஏ. அலுவலகத்தில் இல்லை, மாவட்ட அபிவிருத்திக் கூட்டம்.

ஏஜெண்டு துரைமார் இருந்த சிவில் சேவை 1963 மே 1-இல் ஒழிந்தது. அதன் இடத்தில் நிருவாக சேவை வந்தது. கிராமத் தலைமைக்காரர் போய்க் கிராம சேவகர் வந்தார். சுபநேரம் பார்த்துப் பிரித் ஓத, வெற்றிலை கொடுக்க, புது அதிபர் கடமையேற்புக் கடிதத்தில் கையெழுத்துப் போடும் வைபவம் எங்கள் காலத்து வழக்கம். அதற்கு முன்னே பியோன்மார் மாடிப்படிப் பித்தளையைத் துலக்குவார்கள். தமிழ் அதிகாரிகள் பெரிய பதவிக்கு வர மொழிப் பரீட்சையைத் தாண்ட வேண்டியிருந்தது. 1956-இன் 33-ஆம் இலக்கச் சட்டத்துக்குப் பின் சிங்களத் தேர்ச்சி இல்லாதவருக்குச் சம்பள ஏற்றம் நின்றது. கேகாலைக் கச்சேரியில் எங்களைப் போன்ற ஒரு குமாஸ்தா, கோடீஸ்வரன், அதை எதிர்த்து வழக்குப் போட்டார். கொழும்பு மாவட்ட நீதிமன்றம் 1964-இல் அவர் பக்கம் தீர்த்தது. உச்ச நீதிமன்றம், உத்தியோகத்தர் சம்பளத்துக்காக அரசாங்கத்தின் மேல் வழக்குப் போட முடியாது என்றது. லண்டன் பிரிவி கவுன்சில் 1969-இல் போடலாம் என்றது. பெரிய அதிகாரிகள் யாரும் அந்த வழக்கைப் போடவில்லை, போட்டது ஒரு குமாஸ்தா. எங்கள் சங்கக் கூட்டங்களில் இது அடிக்கடி சொல்லப்பட்டது. நான் சிங்களப் பரீட்சை எழுதித் தேறினேன். மொனராகலையில் அந்தச் சிங்களம் இல்லாவிட்டால் ஒரு நாள்கூட ஓட்டியிருக்க முடியாது.

1971 ஏப்ரல் 5 விடியற்காலையில் வெல்லவாய பொலிஸ் நிலையத்தைக் கிளர்ச்சிக்காரர்கள் தாக்கினார்கள், நாடு முழுக்கக் கிளம்பிய அன்றைய கலவரம் அங்கேயிருந்துதான் வெளியே தெரிந்தது. பழைய ஆட்கள் ஊரடங்கு அனுமதிச் சீட்டு எழுதிய கதையை எனக்குச் சொல்லியிருக்கிறார்கள். அடுத்த வருசம் காணிச் சீர்திருத்தம், 1975-இல் கம்பனித் தோட்டங்களும் அரசாங்கத்துக்கு. அப்போது ஒரு வேடிக்கை: துரையும் அரசாங்க உத்தியோகத்தர், ஜீ.ஏ.யும் அரசாங்க உத்தியோகத்தர். ஆனாலும் லயத்துக் கூரைக்குத் தகரம் வேண்டுமென்றால் ஜீ.ஏ. "அது தோட்ட நிருவாகம்" என்பார், தோட்டம் "கொழும்பு தலைமையகம்" என்னும். 1992-இல் நிருவாகம் மறுபடியும் கம்பனிகளுக்குக் குத்தகைக்குப் போனது. அதே வருசம் உதவி அரசாங்க அதிபர் பிரிவுகள் பிரதேச செயலகங்களாயின. ஜீ.ஏ. இன்று மாவட்டச் செயலாளர். பெரிய மேசை, சின்ன அதிகாரம் என்று எங்கள் ஆட்கள் சொல்வார்கள், கொஞ்சம் மிகைதான்.

உள்ளூராட்சியில் எல்லைக்கோடு இன்னும் துலக்கமாக இருந்தது. 1987-இன் பிரதேச சபைச் சட்டம், 33-ஆம் பிரிவு, சபையின் பணத்தைத் தோட்டத்துக்குள் செலவழிக்கத் தடையாக நின்றது. தோட்டத்து வாக்கில் தெரிவான உறுப்பினரே தன் லயத்து ரோட்டுக்கு மண் போட முடியாது. 2014 அக்டோபர் 29-இல் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை இறங்கி லயங்களை மூடியபோது, அந்த இடம் ஆபத்தானது என்று கட்டட ஆராய்ச்சி நிறுவனம் முன்பே எச்சரித்திருந்தது வெளியே வந்தது. ஆட்களை அங்கேயிருந்து எழுப்பியிருக்க வேண்டியது யார், தோட்டமா, பிரதேச செயலகமா, அமைச்சா என்று நாடே வாதாடியது. எனக்கு அந்த வாதம் புதிதில்லை. அதே கேள்வியைச் சின்னச் சின்னப் பைல்களில் நான் பல வருசம் பார்த்திருந்தேன்.

33-ஆம் பிரிவு 2018-இல் திருத்தப்பட்டது. பிரதேச சபை இப்போது தோட்டத்துக்குள் ரோட்டு போடலாம். பதுளை மாவட்டத்தில் ஐந்தில் ஒருவர் தமிழர் என்னும் அளவுக்கு நாங்கள் இருக்கிறோம், சில பிரதேச செயலாளர் பிரிவுகள் இருமொழிப் பிரிவுகளாக அறிவிக்கப்பட்டுமிருக்கின்றன. ஆனால் தோட்டத்துக் காணித் துண்டில் வீடு கட்ட ஹாலிஎலயிலோ ஹப்புத்தளையிலோ ஒருவர் விண்ணப்பித்தால், காணி குத்தகைக் கம்பனியிடம் இருக்கிறது. கம்பனியின் விடுவிப்புக் கடிதம் வந்தபின்தான் பிரதேச செயலாளர் உறுதியில் கையெழுத்துப் போட முடியும். கடிதம் வரவில்லையா, நினைவூட்டல் எழுதவேண்டும். அந்த நினைவூட்டல்களை வரைந்து கொடுத்தவன் நான். ஒரு மாதத்துக்கு ஒன்று, அதன் நகல் மாவட்டச் செயலாளருக்கு.